ஆறாத தழும்பும் அழியும் ஓவியமும்

பங்கு ஆலயங்களின் பொன்விழா மலர்களைப் புரட்டிப் பார்க்கும் பழக்கம் நம்மில் பலருக்கு உண்டு. அடிக்கல் நாட்டிய ஆயரின் படம், பணியாற்றிய பங்குத்தந்தையரின் வரிசை, கொடிமரம் தந்தவர், மணி வாங்கித் தந்தவர், பீடத்திற்குப் பளிங்கு பதித்தவர் எனப் பெயர்கள் நிரம்பியிருக்கும். இவை யாவும் போற்றுதற்குரியவையே. ஆயினும் அந்த ஆலயச் சுவருக்குச் செங்கல் சுமந்த பெண்களின் பெயர்களை அம்மலர்களில் நாம் காண்பதரிது. பிள்ளைப்பேற்றில் மாண்டவள், குடிகாரக் கணவனின் அடியைத் தாங்கிக்கொண்டே ஞாயிறு தவறாமல் திருப்பலிக்கு வந்தவள், வேலைக்குப் போன இடத்தில் சீரழிக்கப்பட்டு இரவோடு இரவாக ஊரைவிட்டுப் போனவள் ஆகியோரின் வரலாறு எந்த ஏட்டிலும் ஏறுவதில்லை. ஏட்டில் ஏறாத காரணத்தால் அது நிகழாமற்போய்விடுவதுமில்லை. அது உடலில் தங்குகிறது. தழும்பாக, திடுக்கிடலாக, காரணம் சொல்லாத மௌனமாகத் தங்குகிறது.

நாம் வாழும் செவ்வாப்பேட்டைப் பகுதியே இதற்குச் சான்று. சென்னையிலிருந்து திருவள்ளூர் நோக்கிச் செல்லும் மின்தொடர் வண்டியில் செவ்வாப்பேட்டையை அடுத்த நிலையம் புட்லூர். அங்குள்ள பூங்காவனத்தம்மன் ஆலயத்தில் அம்மன் நின்றோ அமர்ந்தோ இருப்பதில்லை. நிறைமாதக் கர்ப்பிணி ஒருத்தி வாய் திறந்து மல்லாந்து கிடக்கும் கோலத்தில், மண்மேடாகவே காட்சியளிக்கிறாள். பிள்ளை வரம் வேண்டியும், சுகப்பேறு வேண்டியும் பெண்கள் அங்குத் திரள்கின்றனர். பிற சமயச் சகோதரிகளின் வழிபாட்டை ஆராய்வது நம் நோக்கமன்று. ஆனால் ஒன்றை மட்டும் நாம் கவனிக்கலாம். ஒரு பெண்ணின் பேறுகால வேதனையைக் கல்வெட்டில் பொறிக்காத மக்கள் அதை மண்ணில் வனைந்து காத்துள்ளனர்.

இதே மாவட்டத்தின் வடகோடியில் கும்மிடிப்பூண்டி. சிப்காட் தொழிற்பேட்டையின் புகைபோக்கிகளுக்காக இவ்வூரை அறிந்த நாம், இங்குள்ள ஈழத்தமிழர் முகாமையும் அறிவோம். 1983 சூலைக் கலவரத்திற்குப் பின்னும், 1990இல் போர் மீண்டும் மூண்ட பின்னும், 1996இலும் 2006இலும் அலை அலையாகப் படகேறி வந்த மக்களின் ஒரு பகுதியினர் இங்குக் குடியமர்த்தப்பட்டனர். அகதிகள் முகாம் என வழங்கிய இத்தகைய குடியிருப்புகளுக்கு, மறுவாழ்வு முகாம் என்னும் பெயரைத் தமிழக அரசு 2021இல் அறிவித்தது. பெயர் மாறியது நன்று. ஆயின் கடலைக் கடந்த அந்த இரவுகளைப் பெண்கள் எவ்வாறு உடலில் சுமந்து வாழ்கின்றனர் என்பதைப் பதிவேடு எதுவும் சொல்லப்போவதில்லை.

ஏடுகள் விட்டுவிட்டதைக் கலை எடுத்துக் கொள்ளுமா? எடுத்துக்கொண்டால், அந்த வேதனையை இழிவுபடுத்தாமல் காட்ட இயலுமா? இவ்வினாக்களோடு ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாகப் போராடிவரும் இந்திய ஓவியர் ஒருவர் உண்டு. அவர் நளினி மலானி. அவருடைய வாழ்வையும் பணியையும் வரலாற்றுப் பின்னணியோடு அறிவது, நம் பகுதியின் மௌனங்களை நாம் படிக்கவும் துணைபுரியும்.

பிரிவினை என்னும் பெருங்காயம்

1947 ஆகஸ்டில் நாடு விடுதலை பெற்றது; இரண்டாகவும் பிளந்தது. ஒரு கோடிக்கும் மேற்பட்டோர் எல்லையின் இருபுறமும் இடம்பெயர்ந்தனர். கொலையுண்டோர் தொகையை இன்றுவரை எவரும் அறுதியிட்டுக் கூறவில்லை. தென்கோடியில் வாழும் தமிழராகிய நமக்கு இச்செய்தி பள்ளிப் பாடநூலின் ஒரு பத்தியோடு முடிந்துவிடுகிறது. பஞ்சாபிலும் வங்கத்திலும் சிந்துவிலும் அது வீட்டுக்கு வீடு தொடர்ந்த துயரம்.

அத்துயரத்தின் மிகக் கொடிய பகுதி பெண்களின் மேல் விழுந்தது. ஒரு சமூகத்தை இழிவுபடுத்த விரும்பிய மற்றொரு சமூகம், அச்சமூகத்தின் பெண்களைக் கடத்தியது, கெடுத்தது, அவர்கள் உடல்களில் தன் வெற்றி முழக்கங்களைப் பச்சை குத்தியது. பகைவர் கையில் சிக்கக்கூடாது என்று தந்தையரும் உடன்பிறந்தோருமே தம் வீட்டுப் பெண்களைக் கொன்ற நிகழ்ச்சிகளும் உண்டு. 1947 மார்ச்சில் இராவல்பிண்டி மாவட்டத்துத் தோவா கால்சா என்னும் சிற்றூரில் சீக்கியப் பெண்கள் பலர் கிணற்றில் குதித்து உயிர்நீத்தனர். அக்கிணறு வீரத்தின் சின்னமாகப் பின்னர்ப் போற்றப்பட்டது. குதிக்கும் முன் அப்பெண்கள் ஒவ்வொருவரும் என்ன நினைத்தனர் என்பதைக் கேட்டறிய எவரும் இல்லை.

கடத்தப்பட்ட பெண்களை மீட்க இரு அரசுகளும் 1947 டிசம்பரில் உடன்பாடு கண்டன. இந்தியாவில் 50,000 முஸ்லிம் பெண்களும், பாகிஸ்தானில் 33,000 இந்து, சீக்கியப் பெண்களும் இருந்தனர் என்பது அன்றைய அரசு மதிப்பீடு. 1949இல் இதற்கெனத் தனிச் சட்டமே இயற்றப்பட்டது. அச்சட்டத்தின் ஒரு விதி நம்மைச் சிந்திக்க வைக்கிறது. கடத்தப்பட்டவர் யார் என்று வரையறுக்கும்போது, ஆணாயின் 16 வயதுக்குட்பட்ட சிறுவன் என்றும், பெண்ணாயின் எந்த வயதினளாயினும் என்றும் அது கூறியது. நாற்பது வயதுப் பெண்ணும் சட்டத்தின் கண்ணில் சிறுபிள்ளையே. தான் எங்கு வாழ விரும்புகிறாள் என்று சொல்லும் உரிமை அவளுக்கு இல்லை. ஒருமுறை வன்முறையால் பெயர்க்கப்பட்டவள், மறுமுறை சட்டத்தால் பெயர்க்கப்பட்டாள். பெற்ற பிள்ளைகளை விட்டுவிட்டு வரவேண்டியிருந்தவர்கள் உண்டு. வந்தபின் பிறந்த வீட்டார் கதவடைத்ததால் காப்பகங்களில் காலம் கழித்தவர்களும் உண்டு.

இச்சட்டம் 1957இல் காலாவதியாயிற்று. அதன்பின் நீண்ட மௌனம். அப்பெண்களின் வாய்மொழிகளைத் தொகுத்து ஊர்வசி புட்டாலியாவும், ரீத்து மேனன், கமலா பாசின் ஆகியோரும் நூல்களாக வெளியிட்டது 1998இல். உண்மையைக் கேட்க ஒரு நாட்டிற்கு ஐம்பது ஆண்டுகள் தேவைப்பட்டன.

கராச்சியில் பிறந்த குழந்தை

நளினி மலானி 1946 பிப்ரவரியில் கராச்சியில் பிறந்தவர். பிரிவினையையொட்டி அவர் குடும்பம் வீடு, உறவு, ஊர் அனைத்தையும் இழந்து கல்கத்தாவிற்கு வந்தது. பின்னர் 1950களில் பம்பாயில் குடியேறியது. பிரிவினையை நேரில் கண்டதாக அவர் கூற இயலாது. அப்போது அவர் கைக்குழந்தை. அவருக்குக் கிடைத்தது பெரியோர் பேச்சிலும் பெருமூச்சிலும் வந்த நினைவு. தான் அறியாத ஊரைத் தன் ஊராக நினைத்து ஏங்கும் பிள்ளைகள் உலகெங்கும் உண்டு. கும்மிடிப்பூண்டி முகாமிலேயே பிறந்து வளர்ந்து, யாழ்ப்பாணத்தையோ மன்னாரையோ தாயின் சொல்வழி மட்டுமே அறிந்த இளையோரும் அத்தகையோரே.

பம்பாய் ஜே. ஜே. கலைப் பள்ளியில் பயின்று 1969இல் பட்டயம் பெற்றார். அதே ஆண்டில் ஓவியர் அக்பர் பதம்சி தொடங்கிய கலைப் பயிலரங்கில் சேர்ந்து, ஒளிப்படத்திலும் சிறு திரைப்படத்திலும் கைதேர்ந்தார். 1970 முதல் 1972 வரை பிரெஞ்சு அரசின் உதவித்தொகையில் பாரிசில் பயின்றார். அங்கேயே தங்கிவிடும் வாய்ப்பிருந்தும் தாயகம் திரும்பினார்.

அக்காலத்து இந்தியக் கலையுலகில் ஆண்களே பெரிதும் கோலோச்சினர். பெண் வரைவதைப் பொழுதுபோக்காகவே பலர் கருதினர். இந்நிலையில் அர்பிதா சிங், மாதவி பாரேக், நீலிமா ஷேக் ஆகிய மூவருடன் சேர்ந்து நளினி மலானி 1987 முதல் 1989 வரை நாட்டின் பல நகரங்களில் நடத்திய கண்காட்சி ஒரு திருப்புமுனை. நால்வரும் நான்கு விதமாக வரைந்தனர். ஆயினும் பெண்ணைப் பிறர் பார்க்கும் பொருளாக வைக்காமல், பார்ப்பவளாகவும் நினைவுகூர்பவளாகவும் நிறுத்தியதில் நால்வரும் ஒன்றுபட்டனர்.

அழிவதற்கென்றே வரைந்தவை

1992இல் பம்பாயின் செமுல்ட் கலைக்கூடத்தில் அவர் செய்த செயல் பலரையும் வியப்பில் ஆழ்த்தியது. கலைக்கூடத்தின் சுவர்களிலேயே நகரத்து ஏழை எளியோரின் உருவங்களை வரைந்தார். கண்காட்சி முடிந்ததும் அவை வெள்ளையடித்து அழிக்கப்பட்டன. இராஜஸ்தானத்து நாத்துவாராவில் பழஞ்சுவரோவியங்கள் கவனிப்பாரற்று அழிந்துகொண்டிருந்ததை எண்ணியே அவர் இவ்வாறு செய்தார். அழிவைக் கண்டு வருந்தாத சமூகத்தின் முன், அழிவையே ஒரு காட்சியாக்கினார். இன்று வரைந்ததை நாளை காண முடியாது என்று தெரிந்த பார்வையாளர், அதைக் கூர்ந்து நோக்கினார். விற்கவோ வாங்கவோ மாட்டிவைக்கவோ இயலாத அந்த ஓவியம், கண்டவர் மனத்தில் மட்டும் எஞ்சியது. பின்னாளிலும் சுவரில் கரியால் வரைந்து, கண்காட்சி முடிவில் பிறர் கையால் அழிக்கச் செய்யும் முறையை அவர் தொடர்ந்து கையாண்டார்.

அவர் கைக்கொண்ட மற்றொரு முறை கண்ணாடியின் பின்புறத்தில் வரைவது. நம் தஞ்சைக் கண்ணாடி ஓவியங்களைக் கண்டவர்களுக்கு இது புதிதன்று. சாதாரண ஓவியத்தில் இறுதியாகத் தீட்டும் கண்ணையும் அணிகலனையும் இதில் முதலில் தீட்ட வேண்டும். பின்னணி கடைசியில் வரும். இம்முறையை அவர் தம் நண்பரான ஓவியர் பூப்பேன் கக்கரிடமிருந்து கற்றார். அதன்பின் ஒளி ஊடுருவும் பெரிய உருளைகளின் உட்புறத்தில் உருவங்களை வரைந்து, அவை மெல்லச் சுழலும்படி தொங்கவிட்டு, ஒளியைப் பாய்ச்சினார். சுவரெங்கும் நிழல்கள் நகரும். நம் ஊர்த் தோற்பாவைக் கூத்தின் நிழல்களைப் போலவே இவையும் வரும், ஒன்றோடொன்று கலக்கும், மறையும். பார்ப்பவரின் நிழலும் அவற்றின் நடுவே விழும்.

இது வெறும் கைத்திறன் அன்று. பெருந்துயருக்கு ஆளானவரின் நினைவு நேர்க்கோட்டில் வருவதில்லை. துண்டு துண்டாக வரும். திரும்பத் திரும்ப வரும். பிடிக்கப் போனால் நழுவும். சுழலும் நிழல்கள் அந்நினைவின் இயல்பையே கண்முன் நிறுத்துகின்றன. பார்ப்பவரும் தம் நிழலோடு அதனுள் நிற்பதால், இது எவருக்கோ நிகழ்ந்தது என்று விலகி நிற்க முடிவதில்லை.

தகரப் பெட்டிகளும் மடிக்க முடியாத புடவையும்

1998 மே மாதம் பொக்ரானில் இந்தியா அணுகுண்டுச் சோதனை நடத்தியது. சில நாள்களில் பாகிஸ்தானும் நடத்தியது. பிரிவினையின் பகை புதிய வடிவெடுப்பதை உணர்ந்த நளினி மலானி, உருது எழுத்தாளர் சாதத் ஹசன் மண்டோவின் ‘தோபா தேக் சிங்’ சிறுகதையை நினைவிற் கொண்டு காணொளிப் படைப்பொன்றை உருவாக்கினார். பிரிவினைக்குப் பின் மனநோயாளிகளையும் இரு நாடுகள் மாற்றிக்கொண்டபோது, எந்த நாட்டிற்கும் போக மறுத்து, எல்லைக்கோடுகளுக்கு இடைப்பட்ட நிலத்தில் விழுந்து மடிந்த ஒருவனின் கதை அது.

இப்படைப்பில் தகரப் பெட்டிகள் பன்னிரண்டு வைக்கப்பட்டிருந்தன. புலம்பெயர்ந்தோர் தலையில் சுமந்துவந்த அதே வகைப் பெட்டிகள். ஒவ்வொன்றினுள்ளும் ஒரு சிறு திரை. அதில் அகதிகளின் காட்சிகள். எதிரெதிர்ச் சுவர்களில் இரு பெண்கள். இருவரும் சேர்ந்து ஒரு புடவையை மடிக்க முயல்கின்றனர். இருவருக்கும் இடையில் அறையின் அகலம் கிடக்கிறது, புடவை மடிபடுவதேயில்லை. துவைத்த புடவையை இருவர் எதிரெதிரே நின்று மடிப்பது எந்தத் தமிழ் வீட்டிலும் காணும் காட்சிதானே! அக்காவும் தங்கையும், மாமியாரும் மருமகளும் பேச்சின்றியே செய்துமுடிக்கும் அவ்வேலை, ஓர் எல்லைக்கோட்டால் முடியாத வேலையாகிறது. ஆயிரம் பக்கங்களில் சொல்ல வேண்டியதை அந்தப் புடவை சொல்லிவிடுகிறது.

2002இல் குஜராத்தில் கலவரம் மூண்டது. பெண்களின் உடல்கள் மீண்டும் போர்க்களமாயின. பிரிவினைப் பெண்களின் வேதனையைப் பற்றி மானிடவியலறிஞர் வீணா தாஸ் எழுதியிருந்த கட்டுரையின் தூண்டுதலோடு, ‘பாரத அன்னை’ என்னும் பெயர் தாங்கிய ஐந்து திரைக் காணொளியை நளினி மலானி உருவாக்கினார். 2005இல் வெனிசு நகரின் உலகக் கலைவிழாவில் அது காட்டப்பட்டது. நாட்டைத் தாயென்று பாடுகிறோம். அத்தாயின் பெயரால் எழுந்த கலவரங்களில் உயிருள்ள தாய்மார் சிதைக்கப்படுகின்றனர். இம்முரண்பாட்டை அப்படைப்பு உரத்த குரலின்றி எடுத்துக்காட்டியது.

புராணங்களில் பேசப்படாமல் விடப்பட்ட பெண்களும் அவர் ஓவியங்களில் பேசுகின்றனர். சீதையையும், கிரேக்கரின் மெதேயாவையும் ஒரே ஓவியத்தில் இணைத்தார். உண்மையைச் சொல்லியும் எவராலும் நம்பப்படாத கசாண்டிராவை மீண்டும் மீண்டும் வரைந்தார். தமிழராகிய நாம் இவர்களோடு கண்ணகியையும் சேர்த்தெண்ணலாம். அரசவையில் அவள் முன்வைத்தது சிலம்பு என்னும் சான்று; அதன்பின் மதுரை வீதியில் அவள் முன்வைத்தது தன் உடலையே. 2018இல் சம்மு–காசுமீரத்துக் கத்துவாவில் எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி கெடுத்துக் கொல்லப்பட்டபோது, எழுபது வயதைக் கடந்திருந்த இவ்வோவியர், விரல்நுனியால் மின்பலகையில் வரைந்த எண்பதுக்கும் மேற்பட்ட அசைபடங்களைக் கொண்டு, ‘என் குரல் கேட்கிறதா?’ என்னும் பொருள்படும் பெயரில் மற்றொரு படைப்பை உருவாக்கினார். பாரிசின் பொம்பிடு மையம் 2017இல் அவருடைய வாழ்நாள் பணியைக் காட்சிக்கு வைத்தது. சப்பானின் கியோத்தோ விருது 2023இல் அவருக்கு வழங்கப்பட்டது.

உலகின் பிற பகுதிகளில்

இத்தகைய பணி இந்தியாவிற்கு மட்டும் உரியதன்று. ஜெர்மானியச் சிற்பி கேத்தே கொல்விட்சு, 1914 அக்டோபரில் போர்க்களத்தில் பதினெட்டு வயது மகனை இழந்தவர். இறந்த மகனை மடியில் கிடத்திய தாயின் சிற்பத்தை அவர் 1930களின் இறுதியில் வடித்தார். அதன் பெரிதாக்கப்பட்ட படி, போரிலும் கொடுங்கோன்மையிலும் மாண்டோரின் நினைவாக 1993இல் பெர்லின் நகரில் நிறுவப்பட்டது. மைக்கலாஞ்சலோவின் மாதா அழகும் அமைதியும் கொண்டவர். கொல்விட்சின் தாயோ கிழவி. மகனை மீண்டும் தன் வயிற்றுக்குள் ஒளித்து வைப்பவளைப் போலக் குனிந்திருப்பவள். வியாகுல அன்னையின் முன் மண்டியிட்டுப் பழகிய நமக்கு இரண்டும் அந்நியமல்ல.

செக் நாட்டின் அத்ரியேனா ஷிமோத்தோவா (1926–2014) என்னும் ஓவியர், 1972இல் கணவரை இழந்தபின் கனத்த ஓவியத் துணியைக் கைவிட்டு மெல்லிய தாளுக்கு மாறினார். தாளை மனித உடல்மீதும் பொருள்கள்மீதும் வைத்து விரலால் தடவி, கிழித்து, துளையிட்டு, அங்கிருந்தவரின் சுவட்டை மட்டும் பதித்தார். பழைய பிரான்சிஸ்கன் துறவு மடம் ஒன்றிலும் தங்கி அவர் பணியாற்றியதுண்டு. சிலுவைப்பாதையின் ஆறாம் தலத்தில் வெரோணிக்காளின் துணியை நினைவுகூரும் நாம், இத்தாள்களின் பொருளை எளிதில் உணர்வோம்.

இரண்டு ஐயங்கள்

இத்தகைய கலையைக் குறித்து விசுவாசிகள் உள்ளத்தில் இரண்டு ஐயங்கள் எழுவது இயல்பு. அவற்றை ஒதுக்கிவிடுதல் முறையன்று.

முதலாவது, பெண்ணின் உடலைக் காட்சிப்பொருளாக்குவது தகுமா என்பது. இவ்வச்சம் நியாயமானதே. சுவரொட்டியும் திரைப்படமும் பெண்ணுடலை விற்பனைச் சரக்காக்கிவிட்ட நாட்டில் நாம் எச்சரிக்கையாகவே இருக்க வேண்டும். ஆனால் வேறுபாடு எங்குள்ளது என்று காண வேண்டும். விளம்பரம் காட்டும் உடலுக்கு வரலாறு இல்லை; பெயரும் இல்லை; தழும்பும் இல்லை. நளினி மலானியின் ஓவியங்களில் உடல் தன் வரலாற்றோடு வருகிறது. அதைக் கண்டு எவருக்கும் இச்சை பிறப்பதில்லை, வெட்கமே பிறக்கிறது. வாக்கு மனிதரானார் என்று அறிக்கையிடும் திருச்சபையினர் நாம். உடலைத் தாழ்ந்ததென்று தள்ளிவிட்டு நம் நற்செய்தியை அறிவிக்க இயலாது. திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 1988இல் பெண்களின் மாண்பைக் குறித்து வழங்கிய திருத்தூது மடலும், பெண் கடவுளின் சாயல் என்னும் இவ்வுண்மையையே அடித்தளமாகக் கொண்டது.

இரண்டாவது ஐயம், பழைய காயங்களைக் கிளறுவது பகையைத்தானே வளர்க்கும் என்பது. மறத்தலே மன்னித்தல் என்று நாம் பலமுறை உபதேசித்திருக்கிறோம். விவிலியம் அவ்வாறு கூறவில்லை. சாமுவேலின் இரண்டாம் நூலில் இரிஸ்பா என்னும் தாயைக் காண்கிறோம். சவுலின் மறுமனைவியான அவளுடைய இரு மைந்தரும், சவுலின் பேரர் ஐவரும் அரசியல் பழிதீர்ப்பில் கொல்லப்பட்டுக் கிடந்தனர். அவள் பாறைமேல் சாக்குத் துணியை விரித்து அமர்ந்தாள். அறுவடைத் தொடக்கம் முதல் மழை பொழியும் வரை, பகலில் பறவைகளும் இரவில் விலங்குகளும் அவ்வுடல்களை அணுகாதபடி காத்தாள். அவள் பேசியதாக ஒரு சொல்லும் எழுதப்படவில்லை. பழிக்குப் பழி கேட்கவுமில்லை. அங்கேயே இருந்தாள். அச்செய்தி தாவீது அரசரின் செவிக்கு எட்டியது. இறந்தோருக்கு உரிய அடக்கம் கிடைத்தது. ஒரு பெண்ணின் மௌனமான காவலே ஓர் அரசின் மனச்சான்றை எழுப்பியது. நினைவுகூர்தல் வேறு, பழிவாங்குதல் வேறு என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமோ?

உயிர்த்த ஆண்டவரும் தம் காயங்களை மறைத்துக்கொண்டு வரவில்லை. அவற்றைத் தொடுமாறு தோமாவை அழைத்தார். அத்திருத்தூதரின் கல்லறையைச் சுற்றி வளர்ந்த மயிலைத் திருச்சபையின் பிள்ளைகள் நாம். காயத்தைக் காணாமல் நம்பமாட்டேன் என்றவரை ‘ஐயமுற்ற தோமா’ என்று மட்டும் அழைப்பது போதாது. காயமில்லாத உயிர்ப்பை ஏற்க மறுத்தவர் என்றும் அவரைப் போற்றலாம். 2000ஆம் ஆண்டு மார்ச் 12 அன்று திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் உரோமையில் நிகழ்த்திய மன்னிப்பு வழிபாட்டில், திருச்சபையின் மக்கள் இழைத்த பிழைகளுள் பெண்களின் மாண்புக்கு எதிரான பாவங்களும் பெயர் சொல்லி அறிக்கையிடப்பட்டன. நினைவைத் தூய்மைப்படுத்துதல் என்று திருச்சபை அதனை அழைத்தது. நினைவு இருந்தால்தானே அதைத் தூய்மைப்படுத்த முடியும்!

நம் மண்ணில் நம் கடமை

கிறிஸ்தவக் கலையிலும் இவ்வழியில் நடந்தோர் உண்டு. ஜெர்மானியக் கத்தோலிக்கரின் மிசெரியோர் உதவி நிறுவனம், தவக்காலத்தில் ஆலயங்களில் தொங்கவிடும் திரைச்சீலையை 1990இல் வரைந்தவர் இந்தியரான லூசி டிசோசா. அவர் எடுத்துக்கொண்ட பொருள் விவிலியப் பெண்கள். திருவண்ணாமலையில் பிறந்து சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில் பயின்ற பெனிதா பெர்சியாள், 2014இல் கொச்சி–முசிறிக் கலைவிழாவில், சாம்பிராணி, வெள்ளைப்போளம் போன்ற நறுமணப் பொருள்களால் ஆகிய கிறிஸ்துவின் உருவங்களை வைத்தார். பளிங்கைப் போல நிலைத்திருக்கும் பொருள்களல்ல இவை. வெப்பத்தில் இளகும், காலத்தில் உதிரும். தூபக்கலசத்தில் எரிந்து தீர்வதன் வழியே மணம் தருவதையே அவர் உடலுக்கு உவமையாக்கினார். பம்பாயில் அழிக்கப்பட்ட சுவரோவியத்திற்கும், கொச்சியின் சாம்பிராணிக் கிறிஸ்துவிற்கும் ஓர் உறவுண்டு. நிலைத்து நிற்கும் நினைவுச் சின்னத்தை எழுப்பிவிட்டு நாம் வீட்டிற்குப் போய்விடலாம். அழிந்துபோவதையோ நாமே நெஞ்சில் சுமக்க வேண்டும்.

ஓவியர் அல்லாத நாம் என்ன செய்யலாம்? காக்களூர்த் தொழிற்பேட்டைக்கும் கும்மிடிப்பூண்டி ஆலைகளுக்கும் விடியலில் புறப்படும் பெண்கள் நம் அன்பியங்களில் உள்ளனர். நம் மாவட்டச் செங்கற்சூளைகளில் கடனுக்கு உழைப்பை ஈடுவைத்து வாழ்ந்த பெண்களின் கதை நாம் அறியாததன்று. முகாமில் வாழும் ஈழத்துச் சகோதரிகளுள் நம் விசுவாசத்தைச் சேர்ந்தோரும் பலர். தவக்காலத்தில் அரிசியும் துணியும் கொண்டு அவர்களிடம் செல்கிறோம். கொடுத்துவிட்டுப் படமெடுத்துக்கொண்டு திரும்புகிறோம். ஒருமுறையேனும் கேட்பதற்காகச் செல்லலாகாதா? பேச விரும்புவோர் பேசட்டும். பேச விரும்பாதோரின் மௌனத்தை அவர்களிடமிருந்து பிடுங்காமல் அருகிருப்போம். இரிஸ்பாவும் பேசவில்லை. அருகிருத்தலும் ஒருவகைச் சாட்சியமே.

சொன்னவற்றை அவர்கள் இசைவோடு எழுதி வைப்போம். பெயர் வேண்டாம் என்பவரின் பெயரைக் காப்போம். அடுத்துவரும் பங்கு விழா மலரில், கொடையாளர் பட்டியலுக்கு அருகில் நான்கு பக்கங்களைப் பெண்களின் வாய்மொழிக்கென ஒதுக்குவோம். பாட்டிமார் இருக்கும்போதே இதைச் செய்தாக வேண்டும். பிரிவினைப் பெண்களிடம் கேட்க நாடு ஐம்பது ஆண்டுகள் காத்திருந்தது. கேட்கப் போனபோது பலர் இல்லை. நம் பங்குகளில் அவர்கள் இன்னும் இருக்கின்றனர்.